வாசலுக்கு வெளியே மூன்று ஞாயிறு

பக்கவாதக்காரரைப் புரட்டிப் படுக்க வைக்க இரண்டு பேர் வேண்டும். ஒருத்தி தோளையும் இடுப்பையும் பிடிக்க வேண்டும், இன்னொருத்தி முட்டியை மடக்கித் தள்ள வேண்டும். தனியாகச் செய்தால் நோயாளிக்குத் தோல் உரியும், செய்கிறவளுக்கு முதுகு போகும். 1987இல் சேலையூர் தேவானந்தம் வாத்தியாரைப் பகலில் பார்த்துக்கொள்ள நர்சான என்னைக் கூப்பிட்டபோது, இரண்டாவது ஆள் இல்லாமல் வர மாட்டேன் என்றேன். அப்படி வந்தவள்தான் கன்னியம்மா.

அவளுக்கு அப்போது நாற்பத்தைந்து வயது. ஓர் அரசு ஆஸ்பத்திரியில் ஆயா. காலை ட்யூட்டி முடிந்து, மின்சார ரயிலில் தாம்பரத்தில் இறங்கி, இரண்டரை மணிக்கு வந்துவிடுவாள். நோயாளியைத் தொடுவதற்கு முன்னால் இரண்டு உள்ளங்கைகளையும் உரசிச் சூடாக்கிக்கொள்வாள். இதை அவளுக்கு யாரும் பாடம் நடத்தவில்லை. பயிற்சி எடுத்த நர்சுகளில் பாதிப் பேர் இதைச் செய்வதில்லை. புருஷன் சவுரிமுத்து கல்குவாரியில் வெடி வைத்தபோது ஒதுங்கத் தவறி இறந்தவர். ஒரே பெண், ஜெயசீலி.

ஞானஸ்நானப் பேர் அருள்மேரி. பள்ளிக்கூடத்திலும் ஆபீசிலும் கன்னியம்மா, இந்து ஆதிதிராவிடர். எங்கள் பக்கத்தில் இதை யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். தாழ்த்தப்பட்ட சாதிக்காரர் தன்னைக் கிறிஸ்தவர் என்று எழுதிக் கொடுத்தால், அந்தச் சாதிக்குரிய இட ஒதுக்கீடு போய்விடும். ஞானஸ்நானம் எடுத்தார் என்பதற்காகத் தெருவில் யாரும் பக்கத்தில் உட்கார வைப்பதில்லை. சர்க்கார் கணக்கில் மட்டும் சாதி கழுவப்பட்டுவிடுகிறது. ஆகவே பலர் ஆபீசுக்கு ஒரு பேரும் மாதா கோயிலுக்கு ஒரு பேருமாக வாழ்ந்தார்கள். என் சாதிக்கு அப்படி ஒரு சாதிச் சான்றிதழ் தேவைப்படவில்லை. இதில் தீர்ப்புச் சொல்ல எனக்கு அன்றும் வாய் இல்லை, இன்றும் இல்லை.

தேவானந்தம் வாத்தியார் சின்ன வயதில் பாதிரியாராகப் போகக் குருமடத்தில் லத்தீன் படித்து, பாதியில் வெளியே வந்து, சரித்திர ஆசிரியரானவர். ஓய்வு பெற்ற பிறகு, ஆயிரத்து எழுநூறு வருஷத்துக்கு முன்னால் ஆப்பிரிக்காவில் கார்த்தேஜ் என்ற நகரத்தில் இருந்த ஓர் ஆயரின், அதாவது பிஷப்பின், கடிதங்களைத் தமிழில் எழுதிக்கொண்டிருந்தார். வலது கை விழுந்துவிட்டதால் அவர் சொல்லச் சொல்ல நான் நோட்டில் எழுதினேன். பக்தியால் அல்ல. பேசப் பேசத்தான் அவருக்கு நாக்குத் தேறும்.

கடிதங்களின் கதை இதுதான். எல்லோரும் ரோமத் தேவர்களுக்குப் பலியிட்டு, அதிகாரியிடம் அதற்கு ஒரு சீட்டு வாங்க வேண்டும் என்று சக்கரவர்த்தி உத்தரவு போட்டான். சில கிறிஸ்தவர்கள் மறுத்துச் சிறைக்குப் போனார்கள். நிறையப் பேர் பலியிட்டார்கள். இன்னும் சிலர் பலியிடாமலே காசு கொடுத்துச் சீட்டை மட்டும் வாங்கிக்கொண்டார்கள். ஆயர் ஒளிந்திருந்து தன் சபைக்குக் கடிதம் எழுதினார். ஆபத்து சற்று அடங்கியதும் சபைக்குள்ளேயே சண்டை. பலியிட்டோ சீட்டு வாங்கியோ விழுந்தவர்களைத் திரும்பச் சேர்க்கவே கூடாது என்றது ஒரு கட்சி. கேள்வி கேட்காமல் சேர் என்றது இன்னொரு கட்சி. ஆயர் நடுவில்.

நான் இதை வாசித்துக் காட்டியபோது கன்னியம்மா வாத்தியாரின் முட்டியைப் பிடித்தபடி நின்றிருந்தாள்.

"நிறுத்து சிஸ்டர். சீட்டு மட்டும் வாங்கினவன அந்த ஆயரு இன்னா பண்ணாரு?"

"அது... அடுத்த... கடிதம்," என்றார் வாத்தியார்.

"அடுத்தது எப்போ?"

"நாளைக்கு."

"நாளிக்கி வரிக்கும் நான் இந்த முட்டியப் புட்சிகினே நிக்கட்டா?"

அன்று வாத்தியாரின் கால்களை மடக்கி, புரட்டி, முதுகுக்குப் பவுடர் போட்டபிறகு தன் கதையைச் சொன்னாள். 1975இல் தாலுகா ஆபீசுக்குச் சாதிச் சான்றிதழுக்குப் போனாள். குமாஸ்தா அவள் கழுத்தைப் பார்த்தான். சிலுவையைக் கழற்றிவிட்டு, பொட்டு வைத்துக்கொண்டு வா என்றான்.

"ஜாக்கெட்டுல சொருவிக்கினேன். வெளில கடலை விக்கிறவ கைல குங்குமம் வாங்கி நெத்தி நெறைய வெச்சிக்கினு போனேன். எந்தக் கோயிலுன்னான். மாரியம்மன்னேன். எழுதிக் குடுத்துட்டான். இப்போ சொல்லு வாத்தியாரே, நான் பலி போட்டவளா, சீட்டு வாங்கினவளா?"

வாத்தியார் சிரித்தார். சரியாக இருந்த பாதி வாயால் சிரித்தார்.

"ரெண்டுக்கும்... நடுவுல."

"தண்டவாளத்துக்கு நடுவுல நின்னா ரயிலுதான் ஏறும்."

மறுவருஷம் ரயில் ஏறத்தான் பார்த்தது.

எங்கள் மாதா கோயில் அஸ்தினாபுரம் பக்கம் சிமெண்ட் ஷீட் போட்ட சின்னக் கட்டடம். சாமியார், அதாவது பாதிரியார், பெரிய பங்கிலிருந்து மாதத்தில் இரண்டு ஞாயிறு வருவார். மற்ற ஞாயிறுகளில் உபதேசியார் அந்தோணிசாமி செபம் நடத்துவார். அவருக்குத் தோல் கம்பெனியில் வேலை. ஞானஸ்நானப் பதிவேடும் ஓலை நோட்டும் அவர் கையில். ஓலை என்றால் கல்யாண அறிவிப்பு. மூன்று ஞாயிறு கோயிலில் வாசிக்க வேண்டும். தடை தெரிந்தவர்கள் சொல்ல வேண்டும். ஓலை வாசிக்காமல் கோயிலில் தாலி ஏறாது.

ஜெயசீலிக்கு மதுராந்தகத்தில் மாப்பிள்ளை அமைந்தது. கிறிஸ்துமஸ் கழிந்து ஜனவரியில் கல்யாணம். மாப்பிள்ளை வீட்டார் பழைய கிறிஸ்தவர்கள். ஓலை வாசிக்காத கல்யாணத்துக்குத் தங்கள் சொந்தக்காரன் ஒருவனும் வர மாட்டான் என்று முதல் நாளே சொல்லிவிட்டார்கள்.

அந்த வருஷம்தான் கோயில் சங்கத்தில் அந்தோணிசாமி ஒரு தீர்மானம் போட வைத்திருந்தார். இந்து என்று சான்றிதழ் வைத்திருப்பவர்கள், 'பொய் சொன்னேன், வருந்துகிறேன்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டும். அதுவரை அவர்கள் வீட்டு ஓலை வாசிக்கப்படாது. தீர்மானத்துக்குப் பிறகு வந்த முதல் கல்யாணம் ஜெயசீலியுடையது.

நவம்பரில் ஒரு ஞாயிறு, செபம் முடிந்ததும் கன்னியம்மா ஓலை கொடுக்கப் போனாள். நானும் கூட இருந்தேன்.

"எழுதிக் குடுத்துட்டு ஓலைய வாசிச்சிக்கோ மேரி," என்றார் அந்தோணிசாமி.

"வாயால சொல்றேன். மைக்கு போடு, இப்பவே சொல்றேன். கையெழுத்து போட மாட்டேன்."

"இன்னா, பயமா?"

"பயந்தான். அந்தப் பேப்பரு உன் பீரோல எத்தினி நாளு தூங்கும்? எவனாவது மொட்டைக் கடுதாசி எழுதி, அத்தோட இத்தையும் சேத்து மேல அனுப்புவான். பதிமூணு வருஷ வேலை பூடும். ஒரு பேப்பரு வாங்கினது தப்புன்ற. அத்துக்கு இன்னொரு பேப்பரா?"

"என் பையன் பேர மாத்தல. கிறிஸ்தவன்னுதான் எழுதினான். பாலிடெக்னிக்கு சீட்டு கெடைக்கல. பல்லாவரத்துல லாரி கழுவினு கீறான். அவனுக்கு வயிறு இல்லியா?"

அந்தோணிசாமி கெட்டவர் அல்ல. விலை கொடுத்தவர். விலை கொடுத்தவர்களுக்குத்தான் கொடுக்காதவர்கள்மேல் கோபம் வரும்.

சாமியாரிடம் போனோம். "உங்களுக்குள்ளேயே பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள்" என்றார். தீர்மானத்தை எதிர்த்தால் ஆயர் இல்லத்துக்குப் பெட்டிஷன் போகும் என்ற கவலை அவருக்கு. ராஜகீழ்ப்பாக்கத்தில் கொட்டகை போட்டுத் தனியாக ஜெபக்கூட்டம் நடத்திய சம்பத், சேதி கேட்டு கன்னியம்மா வீட்டுக்கே வந்தான்.

"அக்கா, எங்ககிட்ட வந்துடுங்க. ஓலையும் வேணாம், ஒரு கேள்வியும் இல்ல. நாளைக்கே கல்யாணம்."

"கேள்வியே கேக்காத வூட்ல நான் பொண்ணக் கட்டித் தர மாட்டேன். டீ குட்சிட்டு போ."

மறுநாள் வாத்தியார் வீட்டில் இன்னொரு கடிதம். சிறைக்குப் போய் அடிபட்டவர்கள், விழுந்தவர்களுக்கு மன்னிப்புச் சீட்டு எழுதிக் கொடுத்தார்கள். அதைக் காட்டினால் உள்ளே போய்விடலாம் என்று பலர் நினைத்தார்கள். ஆயர் சீட்டைப் பார்த்த மாத்திரத்தில் சேர்த்துக்கொள்ள ஒப்பவில்லை. வருந்த வேண்டும், காத்திருக்க வேண்டும், சபையின் முன்னால் வர வேண்டும் என்றார். சாகக் கிடப்பவரை மட்டும் காக்க வைக்காதீர்கள் என்றார்.

"அப்போ அவருக்கும் பேப்பரு புடிக்கல," என்றாள் கன்னியம்மா.

"பிடிக்கல."

"காத்துகினு எங்க நின்னாங்க?"

"வாசல்ல."

"எத்தினி நாளு?"

"சிலர்... வருஷக்கணக்குல."

"எனக்கு அவ்ளோ லீவு இல்ல. மூணு ஞாயித்துக்கெழம நிக்கிறேன்."

விளையாட்டுக்குச் சொல்கிறாள் என்று நினைத்தேன். அடுத்த ஞாயிறு அவள் கோயில் வாசலுக்கு வெளியே, செருப்பு விடுகிற இடத்தில், நின்றாள். மழை தூறிக்கொண்டிருந்தது. குடையை நான்தான் கொடுத்தேன். சளி பிடித்துப் படுத்தால் வாத்தியாரை யார் புரட்டுவது? உள்ளே போகிறவர்கள் எல்லோரும் கேட்டார்கள். எல்லோருக்கும் ஒரே பதில் சொன்னாள்: "பொட்டு வெச்சி மாரியம்மன்னு பொய் சொன்னேன். அத்துக்கு நிக்கிறேன்."

அந்தோணிசாமி வெளியே வந்தார். "உள்ள வா, இல்ல வூட்டுக்குப் போ. இது இன்னா நாடகம்?"

"உள்ள வரவும் மாட்டேன், போவவும் மாட்டேன். நீ போயி செபத்தப் பாரு."

கன்னியம்மாவின் பக்கத்து வீட்டு லோகநாயகி காய் வாங்கிக்கொண்டு அந்த வழியாக வந்தாள். விஷயத்தைக் கேட்டுவிட்டு, "பதிமூணு வருஷமா எங்க மாரியம்மனுக்கு ஒரு எலுமிச்சம்பழம் கூட நீ குடுக்கல. அவளும் உன் மேல கேஸ் போடலாம்," என்றாள். வாசலில் அன்று சிரிப்புச் சத்தம் கேட்டது. உள்ளே பாட்டு நின்றுவிட்டது.

இரண்டாம் ஞாயிறு அவளோடு இரண்டு பெண்கள் நின்றார்கள். ஒருத்தி தபால் ஆபீஸ், ஒருத்தி சத்துணவுக்கூடம். இருவரிடமும் அதே தாள் இருந்தது. மூன்றாம் ஞாயிறு, எண்ணிப் பார்த்தேன், பதினோரு பேர். அதில் நான்கு ஆண்கள். ஒருவர் கோயில் சங்கத்திலேயே உறுப்பினர். தீர்மானத்துக்குக் கை தூக்கியவர்.

அன்று சாமியார் வருகிற ஞாயிறு. ஸ்கூட்டரை நிறுத்திவிட்டுத் திகைத்துப் போனார்.

"என்ன அருள்மேரி, எல்லாரும் வெளியே? உள்ள வாங்க."

"வரல சாமி. தவசு. பொட்டு வெச்சதுக்கும் பொய் சொன்னதுக்கும் வருத்தப்படறேன். சத்தமாவே சொல்றேன், தெருவுக்கே கேக்கட்டும். ஆனா வேலை செஞ்சதுக்கு வருத்தம் இல்ல. மலம் அள்ளி, பொணம் கழுவி, பொண்ண வளத்தேன். அத்துக்கு நான் ஏன் வருத்தப்படணும்? கையெழுத்தும் போட மாட்டேன். இன்னிக்கி ஓலைய வாசிக்கச் சொல்லுங்க."

சாமியார் அந்தோணிசாமியைப் பார்த்தார். அந்தோணிசாமி ஓலை நோட்டை மார்போடு அணைத்துக்கொண்டு வாசற்படியில் நின்றார். கன்னியம்மா அவரிடம் திரும்பினாள்.

"உபதேசியாரே, உன் பையன் சீட்ட நான் எடுத்தனா? எடுத்தன்னு சொல்லு. நாளைக்கே வேலைய வுட்டுட்டு வரேன்."

அவர் நோட்டை இன்னும் இறுக்கிப் பிடித்தார். கழுத்து நரம்பு புடைத்தது. இரத்த அழுத்தம் உள்ளவர், எனக்குத் தெரியும். விழுந்தால் பிடிக்கத் தோதாக நான் ஒரு படி ஏறி நின்றுகொண்டேன்.

"நீ எடுக்கல," என்றார் கடைசியில். "எவன் எட்த்தான்னு தெரிஞ்சா உன்கூட நான் ஏன் மல்லுக்கு நிக்கிறேன்?"

"அவனத் தேடிப் போவலாம். ரெண்டு பேரும் போவலாம். அத்துக்கு மின்ன ஓலையப் படி."

பூசை நடந்தது. முடியும் தறுவாயில் அந்தோணிசாமி மைக் முன்னால் வந்தார். ரயில்வே ஸ்டேஷனில் வண்டி அறிவிக்கிற வேகத்தில் வாசித்தார். காலஞ்சென்ற சவுரிமுத்து, அருள்மேரி இவர்களின் குமாரத்தி ஜெயசீலி. முதல் ஓலை. தடை தெரிந்தவர்கள் சொல்லலாம். அவர் தலை தூக்காமல் காத்திருந்தார். ஒருவரும் எழவில்லை. அவரும் சொல்லவில்லை.

கூட்டம் கலைந்தபோது வாசலில் அவளுக்கு முன்னால் வந்து நின்றார். "நான் உன்ன ஒத்துக்கினேன்னு நெனச்சிக்காத."

"நெனைக்கல. அடுத்த வாரம் நிதானமாப் படி. கல்யாணத்துக்குப் படிக்கிற மாதிரி படி."

அடுத்த ஞாயிறு உள்ளே பாயில் உட்கார்ந்து கேட்டாள். தீர்மானத்தைச் சங்கம் ரத்து செய்யவும் இல்லை, அதைப் பற்றி மறுபடி பேசவும் இல்லை. கல்யாணப் பதிவேட்டில் சாட்சியாக அந்தோணிசாமி கையெழுத்துப் போட்டார். வாத்தியாரைக் கூட்டிப் போக முடியவில்லை. கன்னியம்மா பிரியாணி கொண்டுவந்து, சோற்றை மசித்து ஊட்டினாள். அவர் அந்தக் கோடையில் காலமானார். நோட்டு என்னிடம் இருக்கிறது.

ஒரு வருஷம் கழித்து, தாழ்த்தப்பட்ட கிறிஸ்தவர்களுக்கும் அந்த இட ஒதுக்கீடு வேண்டும் என்று எங்கள் வட்டாரத்துக் கோயில்கள் சேர்ந்து தாம்பரத்தில் இரண்டு நாள் உண்ணாவிரதம் இருந்தன. அந்தோணிசாமி முதல் வரிசையில் மாலையோடு உட்கார்ந்தார். சர்க்கார் வேலைக்காரி பந்தலில் உட்காரக் கூடாது என்பதால், கன்னியம்மா என்னோடு முதலுதவி மேசையில் இருந்தாள், யாரும் அடையாளம் கண்டு மேலே எழுதிவிடாதபடி தலையில் முக்காடு போட்டுக்கொண்டு. இரண்டாம் நாள் மத்தியானம் கோஷம் சுருதி இறங்கிவிட்டது. அவள் மேசையை விட்டுவிட்டு நேரே பந்தலுக்குள் போனாள்.

"உபதேசியாரே, எவன் எட்த்தான்னு கேக்கத்தானே வந்தோம்? அவனுக்குக் கேக்கற மாதிரி கத்து."

"ரெண்டு நாளா பட்டினி மேரி. தொண்டைல தண்ணி இல்ல."

"நான் துன்னுட்டுத்தான் வந்தேன். தள்ளு," என்று மைக்கை வாங்கினாள். முக்காடு விழுந்ததை அவள் எடுத்துப் போட்டுக்கொள்ளவில்லை.