ராகேலக்கா சொல்லாத வாக்கியம்

போன வாரம் தம்பி மகள் ஷீபா ஒரு தடித்த புத்தகத்தோடு வேலூர் சத்துவாச்சாரியில் இருக்கும் என் வீட்டுக்கு வந்தாள். எம்.ஏ. ஆங்கிலம் படிக்கிறாள். காலனி ஆட்சியையும் அந்தக் காலத்து வெள்ளைக்காரப் பயணிகளின் எழுத்தையும் பற்றிக் கல்லூரியில் செமினார் வாசிக்க வேண்டுமாம். "அத்தை, இதுல ஆம்பூர் வருது, பாருங்க" என்று என் மடியில் வைத்துவிட்டுக் காபி போடப் போனாள். முதல் பக்கத்தில் ஒரே வாக்கியம் ஒன்பது வரிக்கு ஓடியது. எழுவாய் எங்கே, பயனிலை எங்கே என்று தேடிக்கொண்டு போனால் நடுவில் நான்கு அடிக்குறிப்புகள் வழி மறித்தன. நேராகப் பேசினால் இந்த ஆட்களுக்குச் சம்பளம் தரமாட்டார்கள் போலிருக்கிறது.

புத்தகத்தை முகர்ந்து பார்த்தேன். தோல் தொழிற்சாலை ஆபீசில் பதினோரு வருஷம் டைப் அடித்தவள் நான். எதை எடுத்தாலும் முதலில் மூக்குக்குத்தான் போகும். வெறும் பசை நாற்றம். ஆனால் எழுதியவளின் பெயரைப் படித்ததும் வேறு வாசனை வந்தது. தோல் பதனிட ஊறப்போட்ட ஆவாரம்பட்டை, அதோடு கொசுவுக்குப் பயந்து ஒருத்தி கழுத்தெல்லாம் பூசிக்கொண்டு திரிந்த எலுமிச்சம்புல் தைலம். மிஸ் ஹெலன்.

எண்பதுகளின் தொடக்கம் அது. எனக்கு இருபத்திரண்டு வயது. ஆம்பூர் ஆபீசில் என்னிடம் இருந்த இங்கிலீஷ் எல்லாம் கடித இங்கிலீஷ். சரக்கு எப்போது கப்பலேறும், சாம்பிள் ஏன் சுருங்கிப்போனது, இதற்கு மேல் போனால் நாக்கு தந்தியடிக்கும். பெண் தொழிலாளிகளிடம் பேச வேண்டும், பெண் துணை வேண்டும் என்று மிஸ் ஹெலன் கேட்டதால் மேனேஜர் என்னைக் கைகாட்டிவிட்டார். ஒரே நாளில் மொழிபெயர்ப்பாளர் ஆகிவிட்டேன்.

அவள் சீமையில் ஏதோ ஒரு பல்கலைக்கழகத்திலிருந்து வந்தவள். ஒரு காலத்தில் பல்லக்கிலும் மாட்டு வண்டியிலும் இந்தப் பக்கம் போன துரைமார்கள் எழுதிவைத்த பயணப் புத்தகங்கள்தான் அவளுடைய ஆராய்ச்சி. துரைமார் மூக்கைப் பொத்திக்கொண்டு போனார்கள், இங்கே இருந்தவர்களை ஒரு வார்த்தை பேசவிடவில்லை என்பது அவள் குற்றச்சாட்டு. நியாயம்தான். இவள் பேசவிடப் போகிறாளாம். அதற்கு ஒதுக்கியது ஒரு மணி நேரம், டீ குடித்தது போக நாற்பது நிமிஷம். ஷெட்டுக்குள் நுழைந்ததும் அவள் கையும் கைக்குட்டையைத் தேடிப் போனது. பாதியில் ஞாபகம் வந்து அதைத் திரும்பப் பைக்குள் திணித்துக்கொண்டாள். நான் பார்க்காத மாதிரி இருந்தேன். சம்பளம் வாங்குகிறவள் பார்க்கக் கூடாதது நிறைய உண்டு.

காய்ந்த தோல்களை அடுக்கிக்கொண்டிருந்த பெண்களில் யாரும் முன்னால் வரவில்லை. ராகேலக்கா மட்டும் வந்தாள். தொழிற்சாலைக்குப் பின்தெருவில் குடியிருந்தவள், நாற்பது வயது இருக்கும்.

"இந்தம்மா எழுதுனா வெளியூர்ல எல்லாம் படிப்பாங்களா பாப்பா?" என்று என்னிடம் முதலில் கேட்டுக்கொண்டாள்.

"படிப்பாங்கக்கா."

"அப்ப நான் பேசறேன்."

மிஸ் ஹெலன் தோல் அட்டை போட்ட ஒரு பழைய பயணப் புத்தகத்தை நீட்டி, நம் ஊர் நாற்றத்தைப் பற்றி ஒரு துரை எழுதியிருந்ததைப் படித்துக் காட்டினாள். ராகேலக்காவுக்கு எழுத்து தெரியாது. புத்தகத்தை வாங்கிக் கட்டைவிரலால் அட்டையைத் தேய்த்தாள், ஓரத்தை வளைத்தாள், முகர்ந்தாள்.

"ஆட்டுத்தோலு பாப்பா. நம்ம பட்டையில பதம் பண்ணது. கழுத்துப் பக்கம் வெட்டிப் போட்டுக்கிறான் பாரு. கம்மி வெலைக்கு வாங்கியிருப்பான்."

மூக்கைப் பொத்திக்கொண்டு எழுதிய துரையின் புத்தகத்துக்குப் போட்டிருக்கிற சட்டை நம் ஊர்த் தோல். இதற்கு மேல் என்ன ஆராய்ச்சி வேண்டும்? எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் சொல்லவும் செய்தேன். மிஸ் ஹெலன் அதை நோட்டில் ஏற்றவில்லை. புத்தகத்தில் கறை பட்டுவிடுமோ என்று அவசரமாகத் திரும்ப வாங்கிக்கொண்டாள். பிறகு, மனதில் இருப்பதைச் சொல்லும்படி கேட்டாள்.

ராகேலக்கா நிதானமாகச் சொன்னாள். "பட்டை போட்ட காலத்துல எங்க தெரு கெணத்துத் தண்ணியத்தான் குடிச்சோம். பட்டைய விட்டுட்டு இந்த நீலத்தோலுக்குக் குரோமு மருந்து போட ஆரம்பிச்சதுலேர்ந்து தண்ணி மஞ்சளா வருது. எம் பொண்ணுக்குக் கையெல்லாம் புண்ணு. மேனேஜராண்ட சொன்னா வேலைக்கே வராதன்றாரு. இத எழுதச் சொல்லு. ஊர் பேரு, கம்பெனி பேரு எல்லாம் போட்டு எழுதச் சொல்லு."

மேனேஜர் எனக்குப் பின்னால் நின்று பேனா மூடியைக் கழற்றிக் கழற்றி மாட்டிக்கொண்டிருந்தார். அப்பா இல்லாத வீடு எங்களுடையது, என் சம்பளத்தில்தான் ஓடியது. நான் வாயைத் திறந்தேன். உலகத்துக்கெல்லாம் நாங்கள் செருப்பு தருகிறோம், எங்கள் கால் வெறுங்கால் என்று இந்த அம்மா சொல்கிறார் என்றேன். எங்கிருந்து வந்ததோ தெரியவில்லை. ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கத்தில் காதில் விழுந்த மிச்சமாக இருக்கும். மிஸ் ஹெலனுக்குக் கண் கலங்கிவிட்டது. இன்னொரு முறை சொல்லச் சொல்லி எழுதிக்கொண்டாள். மேனேஜரும் தலையை ஆட்டினார்.

ராகேலக்கா அன்று செருப்பு போட்டிருந்தாள். நீல வார் வைத்த ரப்பர் செருப்பு, புதுசு. மிஸ் ஹெலன் குனிந்து பார்த்திருந்தால் தெரிந்திருக்கும். நோட்டிலிருந்து கண்ணை எடுத்தால்தானே.

"சொல்லிட்டியா?"

"சொல்லிட்டேன்க்கா."

"கண்ணுல தண்ணி வந்துச்சே, பாத்தேன். நல்ல பொம்பள."

அதன் பிறகு மாதம் ஒருமுறையாவது ஆபீஸ் ஜன்னலில் வந்து நிற்பாள். "இன்னா பாப்பா, புக்கு வந்துச்சா?" அதெல்லாம் நாளாகும் அக்கா என்பேன். விடிந்தால் பஸ் ஸ்டாண்டு குழாயிலிருந்து தலையில் குடம் தூக்கிக்கொண்டு அவளும் மகளும் போவதைப் பார்ப்பேன். மகள் கையில் எப்போதும் துணி சுற்றியிருக்கும். இரண்டு வருஷம் விடாமல் கேட்டாள். பிறகு கேட்பதை நிறுத்திவிட்டாள். எனக்கு நிம்மதியாக இருந்தது. சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது.

ஷீபா என் மடியில் வைத்த புத்தகத்தில் மூன்றாம் அத்தியாயத்தின் தலைப்பே அந்த வாக்கியம்தான். சொன்னவள் பெயர் இல்லை, 'ஆம்பூர்ப் பெண் தொழிலாளி' என்று போட்டிருக்கிறது. வெறுங்காலுக்கு மட்டும் நான்கு பக்க விளக்கம்: மண்ணுக்கும் உடம்புக்கும் உள்ள உறவாம், ஆதிக்கத்துக்கு எதிரான மௌனமாம். ஒரு டைப்பிஸ்ட் பயத்தில் உளறியதற்கு இத்தனை மரியாதை. கேட்கப்படாத குரலைக் கேட்கச் செய்த நூல் என்று பின்னட்டையில் இன்னொரு மேதாவி சான்றிதழ் கொடுத்திருக்கிறார். கடைசியில் இருந்த சொல்லடைவைப் புரட்டினேன். கிணறு இல்லை. துரைமாராவது மூக்கைப் பொத்தியதை மறைக்காமல் எழுதினார்கள்.

காபியோடு வந்த ஷீபாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். புத்தகத்தை என் மடியிலிருந்து எடுத்து மூன்றாம் அத்தியாயத்தைப் புரட்டினாள்.

"நாளைக்கு செமினாரு அத்தை. இந்த லைன வெச்சுத்தான் முழுசும் எழுதிட்டேன். நீங்க சொல்றத எந்த புக்குலேர்ந்து எடுத்தேன்னு போடறது?"

அவளைக் குறை சொல்லும் யோக்கியதை எனக்கு இல்லை.

போன வருஷம் ஒரு கல்யாணத்துக்கு ஆம்பூர் போனேன். ஷெட் இருந்த இடத்தில்தான் மண்டபம் கட்டியிருக்கிறார்கள். பின்தெரு வீடுகளை எடுத்துவிட்டார்கள். கிணற்றைத் தூர்த்து, மேலே சிமெண்ட் போட்டு, கார் நிறுத்துகிறார்கள். ராகேலக்கா போய்ச் சேர்ந்து பல வருஷமாயிற்று என்றார்கள். மகள் எங்கே போனாள் என்று ஒருவருக்கும் தெரியவில்லை. ஆவாரம்பட்டை வாசனை துளியும் இல்லை, பிரியாணி வாசனைதான்.

புத்தகம் இப்போது வந்துவிட்டது. ராகேலக்கா இருந்திருந்தால் ஜன்னல் வழியாகக் கை நீட்டி வாங்கி, அட்டையைக் கட்டைவிரலால் தேய்த்துப் பார்த்துவிட்டு, "கெணறு எந்தப் பக்கத்துல வருது, காட்டு பாப்பா" என்று கேட்டிருப்பாள். நானும் ஏதோ ஒரு பக்கத்தைத் தொட்டுக் காட்டியிருப்பேன்.