இல்லைன்னாவது சொல்லுங்க

ஊர் படுத்த பிறகு மனு அடிப்பது என் தொழில். வக்கீல்கள் சாயங்காலம் திருத்திக் கொடுப்பார்கள். விடிந்ததும் மனு ஐகோர்ட்டுக்குக் கிளம்பியாக வேண்டும். பத்தாவதோடு நின்றவன் நான். எனக்குத் தெரிந்த சட்டமெல்லாம் நாமக்கல் கடையில் விரல் வழியாக ஏறியதுதான். "அடுத்த வாரம் வாங்க" என்ற பதிலைக் கேட்டுக் கேட்டுச் செருப்புத் தேய்ந்தவர்களே, உங்களுக்காகத்தான் செல்லமுத்துவின் கதையைச் சொல்கிறேன்.

எட்டுப் பேர்

மல்லசமுத்திரத்துக்காரர். இருபது வருஷம் அடுத்தவர் கான்ட்ராக்டில் குழாய் பதித்துவிட்டு, முதல்முறையாகத் தன் பேரில் ஒரு குடிநீர் டெண்டர் போட்டார். பெட்டியைத் திறந்தார்கள், இவர் ரேட்டுதான் குறைவு. அதற்குப் பிறகு ஆறு மாசம் பேச்சில்லை. அந்த வேலையை நம்பிச் சேந்தமங்கலத்து ஆட்கள் எட்டுப் பேரை வேறு வேலைக்கு விடாமல் நிறுத்தி வைத்திருந்தார். ஆறாவது மாசம் ஆத்தூர் ஜவ்வரிசி மில்லில் வந்த குழாய் வேலையையும் தள்ளிப் போட்டிருந்தார். இரண்டு மாசம்தான் பொறுப்பேன் என்று மில்காரர் சொல்லிவிட்டார்.

ஆனால் குடிநீர் ஆபீசிலிருந்து ஒரு கடிதம் மட்டும் தவறாமல் வரும்: பழைய ரேட்டுக்கே இன்னும் இரண்டு மாசம் சம்மதமா? மூன்றாவது சம்மதத்தை நான் அடித்துக் கொடுத்தபோது செல்லமுத்து சொன்னார்: "பதில் சொல்லத்தான் நேரமில்லீங்க. கேள்வி கேக்க இருக்குது."

அத்தாட்சி

கோர்ட்டுக்குப் போகலாம் என்றார் அவர் பார்த்த வக்கீல். அதற்கு முன்னால், முடிவு கேட்டு எழுதிக் கொடுத்த மனுவின் நகல் வேண்டும். செல்லமுத்து ஒரு மனுவும் கொடுத்ததில்லை. வாராவாரம் ஆபீசுக்குப் போவார், பிரிவு கிளார்க் ஆரோக்கியசாமியோடு டீ குடிப்பார், "ஆவுங்களா?" என்பார், வந்துவிடுவார். ஆறு மாசமாகக் கேட்டதற்கு அத்தாட்சி அந்த டீக்கடை பெஞ்சுதான். ரிஜிஸ்டர் தபால் அனுப்பலாம் என்று வக்கீல் சொன்னதும் செல்லமுத்துவின் முகம் சுருங்கிவிட்டது. "ஏனுங்க, நேர்ல பாத்துப் பேசற மனுசனுக்குத் தபால் போட்டா மூஞ்சில அடிச்ச மாதிரி ஆயிராதுங்களா?"

சமாதானம்

தபால் போய்ச் சேர்ந்த மறுநாள், தனியாகப் போகக் கூச்சப்பட்டு என்னையும் அழைத்துப் போனார். எதற்கு? ஆரோக்கியசாமியைச் சமாதானப்படுத்த. அவர் அந்த உறையைப் பிரித்து, மேஜைக் கண்ணாடிக்கு அடியில் வைத்திருந்தார். ஃபைல் அவர் கையில் இல்லை, மேலே இருக்கிறது என்பது மூன்று பேருக்கும் தெரியும். ஆனாலும் டீக்கு எழுந்திருக்காமலே சொன்னார்: "கோர்ட்டுக்குப் போங்க சார், வேண்டாங்கல. ஆனா எம்பேரைக் கவர் மேல எழுதணுமா?"

கேட்கக் கூடாதது

தபாலுக்கும் பதில் இல்லை. ரிட் மனு அடிக்க உட்கார்ந்தோம். வேலையைத் தனக்கே கொடுக்கும்படி அடிக்கச் சொன்னார் செல்லமுத்து. அப்படி முடியாது என்றார் வக்கீல். ரேட்டு குறைவு என்பதற்காகக் கோர்ட் வேலையை வாங்கித் தராது. இத்தனை நாளுக்குள் ஒரு முடிவெடு என்று கெடு வைக்கும், அவ்வளவுதான். முடிவு 'இல்லை' என்றும் வரலாம். செல்லமுத்து என் கீபோர்டைக் கையால் காட்டினார்.

"இல்லைன்னாவது சொல்லச் சொல்லுங்க சாமி. அந்த எட்டுப் பேர்த்தையும் இன்னும் எத்தன நாளைக்குப் புடிச்சு வெக்கறது?"

நாலாவது வாரம்

கோர்ட் நாலு வாரம் கெடு கொடுத்தது. மூன்று வாரம் சத்தமில்லை. நாலாவது வாரத்தின் கடைசி நாள் மத்தியானம், செல்லமுத்து என் கடையில் இருக்கும்போதே ஆரோக்கியசாமி உத்தரவின் நகலோடு வந்து இறங்கினார். குழாய் போகும் வழி மாறிவிட்டதாம். டெண்டர் ரத்து, மறு டெண்டர் வரும். "தபால்லயும் வரும் சார். அதுக்கு முன்னாடி நேர்ல சொல்லிடணும்னு தோணுச்சு."

செல்லமுத்து உத்தரவை இரண்டு முறை படித்தார். மில்காரர் சொன்ன கெடுவுக்கு இன்னும் மூன்று நாள் இருந்தது. சேந்தமங்கலத்துக்குப் போன் போட்டு, "நாளைக்கு ஆத்தூருக்குக் கெளம்புங்க" என்றார். ஆரோக்கியசாமியைக் கையைப் பிடித்து டீக்கு இழுத்துப் போனவர், வாசலில் நின்று என் பக்கம் திரும்பினார்.

"மறு டெண்டருக்கு நான்தான் மொத ஆளுங்க. அப்பவே அந்த ரிஜிஸ்டர் தபாலையும் சேத்து அடிச்சு வெச்சுருங்க சாமி, கவர் மேல மட்டும் இவரு பேரு வேண்டாம்."

இத்தனை வருஷத்தில் நான் அடித்த மனுக்களில், தோற்றவரும் தோற்கடித்தவரும் ஒரே பெஞ்சில் டீ குடிக்கப் போனது அது ஒன்றுதான்.