பூஜை அறைக்குப் பதினோரு வருடப் பூட்டு

சந்தைக்கு எதிரே இருந்தது அவருடைய கடை. ஓர் ஆள் உட்கார்ந்தால் இன்னோர் ஆள் நுழைய முடியாது. தொழில், சாவி செய்வதும் பூட்டுத் திறப்பதும். வீட்டுச் சாவியைத் தொலைத்துவிட்டுப் பதறிக்கொண்டு வருகிறவர்களிடம், "உள்ள அடுப்பு எரியுதா? இல்லையே? அப்ப மூச்சு விடுங்க, வர்றேன்" என்பார். ஊருக்கே அவர் சாவிக்காரர். வளைந்த கம்பி ஒன்று போதும், எந்தப் பூட்டும் அவரிடம் பிடிவாதம் பிடிக்காது. அப்படிப்பட்டவர் வீட்டிலேயே ஓர் அறை பதினோரு வருடம் பூட்டிக் கிடந்தது.

அப்பா போனதும் அவருக்கும் தம்பிக்கும் பாகப்பிரிவினை. தம்பி, பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவர். மேற்குப் பாதி அண்ணனுக்கு, கிழக்குப் பாதி தம்பிக்கு என்று சுமுகமாகவே பேசினார்கள். நடுவில் இருந்த பூஜை அறையில்தான் பேச்சு முறிந்தது.

"மூத்தவன் நான் இருக்கேன். பூஜை என் கையிலதான் இருக்கணும்" என்றார் இவர்.

"கும்பிடுறதுல என்ன மூத்தவன், இளையவன்?" என்றார் தம்பி.

ஒரு காலை, யார் பூஜை செய்வது என்ற இழுபறியில் எரிகிற விளக்கு சரிந்து, தம்பி மனைவியின் கை வெந்துபோனது. விவகாரம் கோர்ட்டுக்குப் போனது. தீர்ப்பு வரும்வரை யாரும் நுழையக் கூடாது என்று உத்தரவு. கோர்ட் அமீனா வந்து பூட்டுப் போட்டு, அதன்மேல் அரக்கு முத்திரை வைத்துவிட்டுப் போனார்.

அன்றோடு அண்ணன் தம்பி பேச்சு நின்றது. வாய்தாவுக்கு ஒரே பஸ்ஸில் போனாலும் ஒருவர் முன்பக்கம் ஏறுவார், ஒருவர் பின்பக்கம் ஏறுவார்.

ஒருநாள் சாவிக்காரரின் மனைவி கேட்டாள்: "அரக்கை எடுத்துட்டு மறுபடி ஒட்டத் தெரியாதா உங்களுக்கு? ஒரு விளக்கு ஏத்திட்டு மூடிடலாமே."

"தெரியும். தெரிஞ்சதாலதான் தொடல. நாளைக்கு ஒருத்தன் திருடன்னு சொல்லிட்டா, நான் யார் வீட்டுக் கதவுகிட்ட போய் நிப்பேன்?"

தினமும் குளித்துவிட்டு, மூடிய கதவைக் கும்பிட்டுவிட்டுக் கடைக்குக் கிளம்புவார். அப்படியும் தம்பிக்குச் சந்தேகம் தீரவில்லை. "அவர் உள்ள போயிட்டுதான் வர்றார்" என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்வார். அது இவர் காதுக்கும் வந்தது. அன்று அவரால் சாப்பிட முடியவில்லை.

ஒருவழியாகத் தீர்ப்பு வந்தது. அறையைக் கூறுபோட முடியாது. மாதம் மாற்றி மாதம் ஒருவர் பூஜை செய்ய வேண்டும். மற்றவர் கும்பிட வந்தால் தடுக்கக் கூடாது.

திறக்க வந்த அமீனா புதிய ஆள். முத்திரையை உடைத்துச் சாவியைப் போட்டார். அது நுழையவில்லை; பூட்டு துருவேறி இறுகிப் போயிருந்தது.

"சார், இது உங்க தொழில்தானே? கொஞ்சம் பாருங்களேன்" என்றார்.

சாவிக்காரர் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார். "என் தம்பி சொல்லட்டும்."

தம்பி குனிந்து பூட்டைப் பார்த்தார். சாவித் துவாரத்தில்கூடத் துரு அடைத்திருந்தது. பல வருடமாக அதில் எந்தக் கம்பியும் நுழைந்ததில்லை. பிறகு, "திறங்கண்ணே" என்றார்.

எத்தனையோ பூட்டுகளைத் திறந்தவர்தான். கம்பி இரண்டு தடவை நழுவியது. தம்பி பக்கத்தில் உட்கார்ந்து டார்ச் அடித்தார்.

உள்ளே கூரை ஒழுகி, சாமி படங்கள் வெளிறிப் போயிருந்தன. மேசையைக் கரையான் அரித்திருந்தது. அண்ணனும் தம்பியும் வாசலிலேயே நின்றுவிட்டார்கள்.

"பாத்துக்கிட்டே நின்னா ஆச்சா? ஒருத்தர் வாளியை எடுங்க, ஒருத்தர் துடைப்பத்தை எடுங்க" என்றாள் தம்பி மனைவி. எடுத்தார்கள்.

அதற்காக ஒரே நாளில் ஒட்டிக்கொண்டுவிடவில்லை. இரண்டு சமையலறைகள் இரண்டாகவே இருந்தன. தம்பியின் மாதத்தில் சாவிக்காரர் பின்னால் நின்று கும்பிட்டுவிட்டு, நேரே கடைக்குப் போய்விடுவார்.

மறுவருடம் தம்பிக்கு மஞ்சள்காமாலை வந்தது. ஆஸ்பத்திரியில் படுத்திருந்தவரை அண்ணன் பார்க்கப் போனார்.

"இது உன் மாசம். நான் விளக்கு ஏத்தலாமா?"

"இதையெல்லாமா கேப்பீங்க?"

"கேக்கணும்ல. கோர்ட் உத்தரவு."

தம்பிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்ததில் விலா வலித்தது. அண்ணன் எழுந்துபோய் அவருக்குத் தலையணையைச் சரிசெய்தார்.