சம்சாரம் வேண்டா

எங்கள் வார்டை இந்த முறை பெண்களுக்கு ஒதுக்கிவிட்டார்கள், இனி என் கணவர் கவுன்சிலராக நிற்க முடியாது என்று தெரிந்த அன்று, மனிதர் பாதிச் சாப்பாட்டில் எழுந்து போனார். நான் இரண்டு கவளம் கூடுதலாகவே சாப்பிட்டேன். பொய் சொல்வானேன், எனக்கு உள்ளுக்குள் ஒரே குதூகலம்.

தென்காசியிலிருந்து மட்டாஞ்சேரிக்கு வாழ்க்கைப்பட்டு வந்து இருபத்திரண்டு வருடங்கள். அதில் பத்து வருடம் கவுன்சிலர் வீட்டம்மா. அவர் எர்ணாகுளத்துக்கு ஒவ்வொரு கூட்டத்துக்கும் போய்வர, வாசலுக்கு வந்தவர்களிடம் மனு வாங்கியது நான். எந்தச் சந்தில் தெருவிளக்கு எரியவில்லை, யாருக்குப் பென்ஷன் நின்றுபோனது, எல்லாம் எனக்குத்தான் அத்துப்படி. அவரே போன் போட்டு, "எந்த ஓடை அடைச்சுக் கிடக்குன்னு சொன்னே?" என்று என்னைத்தான் கேட்பார். பிறகு வேறு யாரை நிறுத்துவார்கள்?

அடுத்த ஞாயிறு காலை, வேட்பாளர் யார் என்று பேசக் கட்சிக்காரர்கள் ஆறு பேர் எங்கள் முன்னறையில் கூடினார்கள். நல்ல சேலையாகக் கட்டிக்கொண்டேன். கூப்பிட்டால் அடுக்களைக் கோலத்திலா போய் நிற்பது? சாயாத் தட்டோடு கதவருகே போனபோது மூத்த தலைவர் மேசையைத் தட்டிச் சொன்னார்: "மதி, மதி. இனி சம்சாரம் வேண்டா."

மலையாளத்தில் மதி என்றால் போதும், சம்சாரம் என்றால் பேச்சு. எனக்குத் தெரியாதா என்ன? அந்த மொழியில்தான் மீன்காரியோடு தினமும் மல்லுக்கட்டுகிறேன். ஆனால் அந்த நிமிடம் என் காது தென்காசிக் காதாகிவிட்டது. பெண்டாட்டி வேண்டாம் என்று முடிவு கட்டிவிட்டார்கள் என்றே கேட்டது. தட்டை ஸ்டூலில் வைத்துவிட்டுத் திரும்பிவிட்டேன்.

நாலு நாள் யாரிடமும் மனு வாங்கவில்லை. அவரோடும் பேச்சில்லை, சோறு மட்டும் போட்டேன். குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். ஐந்தாம் நாள் அவருக்கே பொறுக்கவில்லை.

"உனக்கு என்னதான் ஆச்சு?"

"சம்சாரம் வேண்டாம்னு உங்க தலைவர் சொன்னாரே, அப்ப உங்க வாயில என்ன, கொழுக்கட்டையா?"

ஒரு கணம் விழித்தார். பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "அட பைத்தியமே! ரெண்டு பேரு தர்க்கம் பண்ணிட்டே இருந்தாங்க. பேச்சு போதும்னு அவரு பறஞ்சதாக்கும் அது!"

எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. இருபத்திரண்டு வருடம் மலையாளம் பேசியவளுக்கு இந்தக் கதியா! கண்ணைத் துடைத்துக்கொண்டே கேட்டேன்:

"அப்ப, என் பேரு வந்தப்ப என்னதான் சொன்னாங்க?"

"உன் பேரா?" அவர் சிரிப்பு நின்றது. "உன் பேரு வரலையே."

"நீங்களும் சொல்லலையா?"

"எனக்குத் தோணவே இல்லை."

பொய் சொல்லத் தெரியாத மனிதர். வேண்டாம் என்று சொல்வதற்காவது என்னை நினைத்திருப்பார்கள் என்றல்லவா நாலு நாளும் அழுதேன்!