நீச்சல் குளத்தை எடுக்கச் சொன்னவர்

ஆம்பூரில் என் கம்ப்யூட்டர் கடைக்கு ஒரே ஒரு முறை வந்த அக்கா அவர். ஷூ கம்பெனியில் பசை தடவும் வேலை. பேசும்போதெல்லாம் விரல் நுனியில் காய்ந்திருந்த பசையை உரித்துக்கொண்டே இருந்தார். மகளுடைய லேப்டாப்பை மேஜைமேல் திறந்து வைத்தார். வீடு கட்டி, குடும்பம் நடத்தி விளையாடும் கேம் ஒன்று அதில் ஓடிக்கொண்டிருந்தது.

"இதுல நீச்சல் குளம் வருது தம்பி. பொம்ம ஆளு அதுல முழுகிச் செத்துப்போவுது. பொண்ணு அதப் பாத்துட்டுச் சோறு துன்ன மாட்டேங்குது. அத எடுத்துடுப்பா."

"அது கேமோடவே வர்றது அக்கா, எடுக்க முடியாது. வேணும்னா கண்ணுக்குத் தெரியாம மறைச்சுடலாம்."

"மறைச்சா? குளம் அங்கயேதான் இருக்குமா?"

"இருக்கும். தெரியாது, அவ்ளோதான்."

எனக்கு இது தினப்படி வேலை, சாதாரணமாகத்தான் சொன்னேன். பசை உரித்துக்கொண்டிருந்த விரல்கள் நின்றுவிட்டன.

"அப்ப வேணாம். எங்க வீட்டுக்காரர் தோலு பதம்பண்ற டேனரில வேல செஞ்சாரு. அங்க கழிவுத் தொட்டிமேல ஒரு மக்கிப்போன பலகையப் போட்டு மறைச்சு வெச்சிருந்தாங்க. கீழ இன்னா இருக்குன்னு தெரியாம கால வெச்சாரு, உள்ள வுழுந்து செத்துட்டாரு. தெரிஞ்சிருந்தா சுத்திப் போயிருப்பாரு."

லேப்டாப்பை மூடிக் கொடுக்கப் போனேன். என் கையைத் தடுத்தார். திரையில் அந்தக் குளம் நீலமாகத் தெரிய, திறந்தபடியே இரண்டு கைகளிலும் ஏந்திக்கொண்டு பஜார் கூட்டத்துக்குள் இறங்கிப் போனார்.