பிரேக்குக்கு எண்ணெய் விட்டவன்

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். பிரேக்குக்கு எண்ணெய் விட்டவன் நான். யாரும் என்னை ஏமாற்றவில்லை, யாரும் தப்பாகச் சொல்லிக் கொடுக்கவில்லை, டப்பா மாறிப் போகவும் இல்லை. பட்டப்பகலில், கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, மோட்டார் சைக்கிள் சங்கிலிக்கு அடிக்கிற எண்ணெய் டப்பாவை நன்றாகக் குலுக்கி, பிரேக் தட்டின் இரண்டு பக்கமும் தாராளமாக அடித்தேன். அடித்து முடித்ததும் சற்றுத் தள்ளிப் போய் அழகு வேறு பார்த்தேன்.

இந்தக் காரியத்தைச் செய்தவன் சிங்கப்பூருக்கு எதிர்க்கரையிலுள்ள பாசிர் கூடாங்கில் இருபத்தாறு வருடமாகத் தொழிற்சாலை பஸ் ஓட்டுகிறவன். காலை ஷிப்டுக்கு ஆட்களை ஏற்றுவதற்கு முன் பிரேக்கை மிதித்துப் பார்க்காமல் ஒரு நாளும் வண்டியை நகர்த்தியதில்லை. புதிதாகச் சேருகிற ஓட்டுநர்களிடம், "இஞ்சின் போனா தள்ளிக்கிட்டு வரலாம், பிரேக் போனா தூக்கிக்கிட்டுதான் வரணும்" என்று பாடம் எடுக்கிறவன். அந்த வாயை இப்போது நினைத்தால் எனக்கே ஒன்று போடலாம் போலிருக்கிறது.

கால் உடைந்த கதையிலும் பெருமைப்பட ஒன்றுமில்லை. பஸ்ஸின் படியில் நின்றபடி இன்னொரு ஓட்டுநரிடம், "இருபத்தாறு வருசத்துல ஒரு கீறல் இல்ல லா, எழுதி வச்சுக்க" என்று சொல்லிக்கொண்டே இறங்கினேன். படிகள் முடிந்துவிட்டன என்று என் வலது கால் முடிவு செய்தது. இன்னும் ஒன்று பாக்கி இருந்தது. பஸ்ஸில் இன்றுவரை கீறல் இல்லை. என் கணுக்காலில்தான் ஒரு தகடும் ஆறு திருகாணிகளும் இருக்கின்றன.

"ஆறு வாரம் இந்தக் கால் தரையில படக்கூடாது. பட்டுச்சு, மறுபடியும் திறக்கணும்" என்றார் டாக்டர் அம்மா. திறக்கணும் என்பதைப் பிஸ்கட் டின்னைத் திறக்கிற மாதிரி அவ்வளவு சாதாரணமாகச் சொன்னார்.

அக்குளில் வைத்துக்கொள்கிற ஊன்றுகட்டைகள் எனக்குச் சரிப்படவில்லை. இரண்டு நாளில் தண்ணீர் ஜாடி போனது. மூன்றாம் நாள் என் மனைவியின் பொறுமை போனது. அவளுடைய தம்பி, அதாவது என் மச்சான், தினமும் பாலம் தாண்டி சிங்கப்பூருக்கு வேலைக்குப் போய் வருகிறவன். அங்கே கூட வேலை பார்க்கும் ஒருவருக்குக் கால் சரியாகிவிட்டதாம். அவர் பயன்படுத்திய முழங்கால் ஸ்கூட்டரைக் காரில் போட்டுக் கொண்டுவந்து எங்கள் வீட்டு வாசலில் இறக்கினான்.

பார்க்காதவர்களுக்காகச் சொல்கிறேன். நான்கு சின்னச் சக்கரங்கள், நடுவில் ஒரு மெத்தைத் திண்டு, முன்னால் சைக்கிள் மாதிரி ஒரு கைப்பிடி. உடைந்த காலை மடக்கி முழங்காலைத் திண்டில் ஊன்றிக்கொண்டு, நல்ல காலால் தரையைத் தள்ளித் தள்ளிப் போக வேண்டும். வலது கைப்பக்கம் பிரேக் பிடி. அதிலிருந்து ஒரு கம்பி பின்சக்கரத்துக்கு ஓடும். அங்கே அப்பளம் அளவுக்கு ஒரு இரும்புத் தட்டு. பிடியை அழுத்தினால் இரண்டு சின்னக் கட்டைகள் அந்த அப்பளத்தை இரண்டு பக்கமும் கவ்விப் பிடிக்கும். அவ்வளவுதான் சமாசாரம். என் பஸ்ஸோடு ஒப்பிட்டால் இது பொம்மை. ஆனால் அந்தப் பொம்மையில் ஏறிய முதல் நிமிடம் நான் சத்தம் போட்டுச் சிரித்தேன். ஹாலைச் சுற்றி ஏழு ரவுண்டு அடித்தேன். தலை சுற்றியது, இருந்தாலும் எட்டாவது ரவுண்டும் அடித்தேன்.

புது வண்டி வீட்டுக்கு வந்தால் எலுமிச்சம்பழம் நசுக்காமல் நாங்கள் எடுப்பதில்லை. மஞ்சள், சந்தனம், குங்குமம், சூடம் எல்லாம் தட்டில் எடுத்து வைத்தேன்.

"இதுக்குமா?" என்றாள் மனைவி.

"நாலு சக்கரம் இருக்குல்ல?"

"சூப்பர்மார்க்கெட் தள்ளுவண்டிக்கும் நாலு சக்கரம் இருக்கு. போயி அதுக்கும் வச்சுட்டு வாங்க."

நான் அசரவில்லை. சந்தனப் பொட்டு வைக்க வட்டமாக, பளபளப்பாக ஓர் இடம் தேடினேன். பின்சக்கரத்து அப்பளம் கண்ணில் பட்டது. முன்பக்கம் மூன்று, பின்பக்கம் மூன்று என்று தடிமனாக வைத்தேன். பிறகு சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம். அந்தக் குட்டிச் சக்கரத்துக்குப் பழமே ஒரு மலை. ஏற முடியாமல் தடுமாறியது. ஓங்கித் தள்ளினேன். பழம் நசுங்காமல் பீறிட்டுக்கொண்டு போய்ச் சாக்கடையில் விழுந்தது. எதிர்வீட்டு மலாய்க்கார அக்கா செடிக்குத் தண்ணீர் விடுவதை நிறுத்திவிட்டு, "அலாமாக்!" என்று ஐயோ போட்டார்.

மறுநாளிலிருந்து பிரேக் பிடித்தால் கிரீச்சென்று ஒரு சத்தம். தகரத்தை நகத்தால் கீறுகிற மாதிரி. பல் கூசும். என்ன காரணம் என்று ஒரு நிமிடம் யோசித்திருக்கலாம். இருபத்தாறு வருட அனுபவம் உள்ளவன் யோசிப்பானா? நேராக எண்ணெய் டப்பாவை எடுத்தான். அதைத்தான் முதலிலேயே சொல்லிவிட்டேன்.

சத்தம் உடனே நின்றது. பிரேக்கும் கூடவே நின்றது.

எங்கள் வீட்டு கார் போர்ச் தெருவை நோக்கிச் சற்றுச் சரிவாக இறங்கும். அன்று சாயங்காலம் சீட்டியடித்துக்கொண்டு அதில் இறங்கினேன். பிடியை அழுத்தினேன். வண்டி சந்தோஷமாக இன்னும் வேகம் எடுத்தது. அப்போதுதான் இருபத்தாறு வருடப் பழக்கம் விழித்துக்கொண்டது. ஆபத்து என்றதும் என் வலது கால் பிரேக்கை ஓங்கி மிதித்தது. அந்தக் கால் மடங்கி, கட்டுப்போட்டு, அந்தரத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. மிதித்தேன், மிதித்தேன், காற்றைத்தான் மிதித்தேன். தெருவைக் கடந்து எதிர்வீட்டு அக்கா வளர்க்கும் எலுமிச்சைப் புல்லின், அதாவது செரையின், புதருக்குள் வாசனையாகப் போய் நின்றேன். கால் தரையில் படவில்லை. மானம்தான் பட்டது.

நிமிர்ந்து பார்த்தால் வேலை முடிந்து வந்த என் மனைவி கேட்டருகே கைப்பையோடு நிற்கிறாள்.

அவள் எலக்ட்ரானிக்ஸ் தொழிற்சாலையில் தரப் பரிசோதனைப் பிரிவில் இருக்கிறாள். தப்பான பொருளைக் கண்டால் கோபப்பட மாட்டாள், திட்ட மாட்டாள். சிவப்பு அட்டையைக் கட்டி ஓரமாக வைத்துவிடுவாள். அன்றைக்கும் அதையே செய்தாள். சிவப்பு அட்டை ஒன்றில் "நிறுத்தி வைக்கப்பட்டது" என்று எழுதி ஸ்கூட்டரின் கைப்பிடியில் கட்டினாள்.

அந்த அட்டைக்குப் பின்னால் பெரிய விஷயம் ஒன்று இருந்தது. பதினோரு நாள் கழித்து, ஸ்கூடாய் பல்கலைக்கழகத்தில் படித்த எங்கள் மகளுக்குப் பட்டமளிப்பு விழா. என் பக்கமும் மனைவி பக்கமும் சேர்த்து பட்டதாரி அங்கியைப் போடப்போகிற முதல் ஆள் அவள்தான். பெற்றோருக்கு இரண்டே இரண்டு அழைப்பு அட்டைகள். அவை குளிர்சாதனப்பெட்டிக் கதவில் காந்தத்தில் ஒட்டிக்கொண்டிருந்தன.

"அந்த யுனிவர்சிட்டி ஃபுல்லா மேடு பள்ளம். பிரேக் இல்லாத வண்டில உங்கள அங்க கூட்டிட்டுப் போனா, மேடையில இருக்கறவள நான் பாக்கவா, உருண்டு போற உங்களப் பாக்கவா?" என்றாள் மனைவி. "இந்தப் போர்ச்சுல இறங்கி, நான் போடற கோட்டுல மூணு தடவ கரெக்டா நிக்கணும். இல்லன்னா உங்க கார்டு என் தம்பிக்கு."

மச்சானுக்கு அன்றைக்கே விஷயம் போய்விட்டது. போனில் கூப்பிட்டான். "நீங்க கவலைப்படாதீங்க மச்சான். நான் நல்லா வீடியோ எடுத்துத் தர்றேன்."

"நான் செத்தா போயிட்டேன்?"

"சேச்சே. விசேஷத்துக்குப் போடற பத்திக் சட்டையை சும்மாத்தான் எடுத்து வெளிய வச்சேன்."

அன்று முதல் பழுதுபார்ப்பு தொடங்கியது. எண்ணெய் விட்ட விஷயத்தை மட்டும் நான் யாரிடமும் சொல்லவில்லை. பிரேக்குக்கு எண்ணெய் விட்ட பஸ் டிரைவர் என்று ஊரில் பெயர் எடுத்துக்கொண்டு நான் எப்படி மறுபடியும் வண்டி எடுப்பது? "கம்பி தொய்ஞ்சு போச்சு" என்று மனைவியிடம் கதை விட்டேன். கதைக்கு ஏற்றபடி கம்பியை இறுக்கினேன். பிடிக்குப் பக்கத்தில் கம்பி நுழைகிற இடத்தில் ஒரு சின்னத் திருகு இருக்கும். அதை வெளிப்பக்கமாகத் திருகினால் கம்பி இழுபடும். நான் திருகினேன், திருகிக்கொண்டே போனேன். கடைசியில் சக்கரம் சுற்றவே மறுத்துவிட்டது. கொஞ்சம் தளர்த்தினால் மறுபடியும் வழுக்கல். ஒன்று நகராது, இல்லாவிட்டால் நிற்காது. நான்கு நாள் இப்படியே ஓடியது. அவள் போட்ட கோட்டை வண்டி ஒரு தடவைகூட மதிக்கவில்லை. ஒரு முறை கேட்டைப் பிடித்து நின்றேன். "கேட்டுக்கு மார்க் கிடையாது" என்றாள் பரீட்சை அதிகாரி.

ஐந்தாம் நாள் எனக்கு உண்மையான பயம் வந்துவிட்டது. மச்சான் எடுக்கப்போகிற வீடியோவை என் மனக்கண்ணில் பார்த்தேன். பாதி நேரம் அவன் முகம்தான் தெரிந்தது. மனைவி வேலைக்குப் போனதும், மாவுக்கட்டுக்கு முன் என் காயத்தைத் துடைக்கக் கொடுத்திருந்த ஸ்பிரிட் பஞ்சுப் பொட்டலங்களை எல்லாம் எடுத்துக்கொண்டு போர்ச்சில் உட்கார்ந்தேன். ஒவ்வொன்றாகப் பிரித்து அப்பளத்தைத் துடைத்தேன். முதல் பஞ்சு கறுப்பாக வந்தது, இரண்டாவதும் கறுப்பு. ஆறாவதுதான் சாம்பல் நிறத்துக்கு இறங்கியது. கட்டைகளைக் கழற்றினேன். அவற்றின் இடுக்கில் எண்ணெயில் ஊறி, இறுகி, பல்லில் ஒட்டிய மிட்டாய் மாதிரி ஒரு மஞ்சள் கட்டி. முகர்ந்து பார்த்தேன். சந்தனம். கிரீச் சத்தத்துக்குக் காரணம் என் பக்தி.

தனியாக உட்கார்ந்து வயிறு வலிக்கச் சிரித்துக்கொண்டிருந்தபோது மனைவி வந்து நின்றாள். அன்றைக்கு அரை நாள் விடுப்பாம்.

"என்னங்க பண்றீங்க?"

"புண்ணு தொடைக்கறேன்."

"கால்ல மாவுக்கட்டு. யார் புண்ண தொடைக்கறீங்க?"

"வண்டில கொஞ்சம் எண்ணெ பட்டுருச்சு."

"பட்டுச்சா? விட்டீங்களா?"

தரப் பரிசோதனைக்காரியிடம் எவ்வளவு நேரம்தான் தாக்குப்பிடிப்பது? "விட்டேன்" என்றேன்.

"பிரேக்குக்கா?"

"பிரேக்குக்குத்தான்."

அவள் படியில் உட்கார்ந்துவிட்டாள். கைப்பையை முகத்தில் வைத்துக்கொண்டு தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தாள். எழுந்ததும் முதல் வேலையாகத் தம்பிக்குப் போன் போட்டு, எனக்கும் கேட்கும்படி வைத்தாள். மறுமுனையில் சிரித்துச் சிரித்து மூச்சு வாங்குகிற சத்தம் வந்தது. பிறகு, "மச்சான், வேலைக்குப் போனதும் பஸ் டயருக்கு நெய் தடவிருங்க லா" என்றான்.

நான் பயந்தபடி ஊர் இடிந்து விழவில்லை. சொல்லிவிட்ட பிறகு காரியம் சுலபமாகவும் ஆனது. கட்டைகளின் முகத்தை உப்புத்தாளில் தேய்த்துப் புதுத் தோல் தெரிய வைத்தோம். அப்பளத்தைக் கையால் தொடாமல் மாட்டினோம், விரலில் உள்ள எண்ணெய்ப் பசையே போதுமாம் அதைக் கெடுக்க. கம்பியில் பிரி ஏதாவது அறுந்திருக்கிறதா என்று விளக்கு அடித்துப் பார்த்தாள். அச்சில் சுற்றிக்கொண்டிருந்த தலைமுடியை ஊசியால் எடுத்தாள். அது என் முடி இல்லை என்பதைப் பதிவு செய்ய விரும்புகிறேன். என்னிடம் அவ்வளவு கிடையாது.

பிறகு கம்பி. பூட்டு நட்டைத் தளர்த்தினேன், திருகைப் பிடித்தேன்.

"அரை சுத்து" என்றாள்.

ஒரு சுற்று திருகினேன்.

"அரைன்னா அரை. அப்பளம் உரசாம சுத்தணும், பிடி பாதி தூரம் வந்ததும் கவ்வணும். ரெண்டும் இருந்தாத்தான் பாஸ்."

அரை, மறுபடி அரை, பிறகு கால். ஒவ்வொரு தடவையும் சக்கரத்தைச் சுழற்றிவிட்டு இருவரும் காதைக் கிட்டத்தில் கொண்டுபோய்க் கேட்டோம். கடைசியில் ஒரு சத்தமும் இல்லாமல் சுழன்றது. பிடித்தால் டக்கென்று நின்றது. பூட்டு நட்டை இறுக்கினேன். பிடியோடு சேர்ந்த சின்னப் பொத்தானை அழுத்தினால் பிரேக் அப்படியே பூட்டிக்கொள்ளும், கையை எடுத்துவிடலாம். அதையும் பத்துத் தடவை போட்டு எடுத்துப் பார்த்தாள்.

சாக்பீஸ் கோட்டில் முதல் இறக்கம், நின்றேன். இரண்டாவது, நின்றேன். வலது கால் மட்டும் பழைய நினைப்பில் காற்றை ஒரு மிதி மிதித்தது. மூன்றாவது தடவை முன்சக்கரம் கோட்டை ஒரு விரல்கடை தாண்டிவிட்டது.

"ஒரு விரல்தானே!"

"எங்க லைன்ல அது ரிஜெக்ட்."

நான்காவது தடவை, நாக்கைக் கடித்துக்கொண்டு, கோட்டின் மேல் நின்றேன். அவள் குனிந்து, பார்த்து, இன்னும் ஒரு தடவை பார்த்து, சிவப்பு அட்டையை அவிழ்த்தாள். நான் போட்ட கூச்சலுக்கு எதிர்வீட்டு அக்கா செரைப் புதருக்கு முன்னால் போய்க் காவலுக்கு நின்றுகொண்டார்.

விழா நாளில் அந்த வளாகத்தின் மேடுகளை எல்லாம் நான் மகாராஜாவாக இறங்கினேன். பூங்கொத்தும் கையுமாகப் போய்க்கொண்டிருந்த பெற்றோர்களுக்கு நடுவே, பிரேக்கை லேசாகப் பிடித்து, விட்டு, பிடித்து, விட்டு, வணக்கம் சொல்லிக்கொண்டே போனேன். மனைவி பக்கத்திலேயே நடந்தாள். கீழே சேர்ந்ததும்தான் நிம்மதியாக மூச்சு விட்டாள்.

மண்டபத்துக்குள் நடைபாதை மேடையை நோக்கிச் சரிந்திருந்தது. வரிசையின் ஓரத்தில் எனக்கு இடம் கொடுத்தார்கள். எல்லோரும் பட்டம் வாங்கி முடித்த பிறகு மொத்தமாகக் கைதட்டினால் போதும், நடுவில் சத்தம் வேண்டாம் என்று ஒலிபெருக்கியில் மலாயிலும் ஆங்கிலத்திலும் சொன்னார்கள். இரண்டு மொழியும் எனக்கு நன்றாகப் புரியும்.

மகளுடைய வரிசை எழுந்தது. பிரேக்கைப் பூட்டிவிட்டு ஸ்கூட்டரில் முழங்காலை ஊன்றி எழும்பினேன். மகள் மேடையேறினாள். தொப்பி கொஞ்சம் கோணலாக இருந்தது. பெயரை வாசித்தார்கள். என் இரண்டு கைகளும் தலைக்கு மேலே போயின. "என் பொண்ணு! அடியே என் தங்கமே!" என்று எனக்குத் தெரியாமலே ஒரு சத்தம் என்னிடமிருந்து கிளம்பிவிட்டது. ஷிப்டு முடிந்து இருபது அடி தள்ளி நிற்கிற ஆளைக் கூப்பிடுகிற குரல் அது. முன்வரிசைகள் மொத்தமும் திரும்பின. மனைவி என் சட்டையின் பின்பக்கத்தை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். கண்ணில் தண்ணீர் நிறைந்துவிட்டதால் மகள் மேடையை விட்டு இறங்கியதை நான் பார்க்கவேயில்லை.

வெளியே கூடாரத்தடியில் அங்கியோடு ஓடி வந்தாள். அம்மாவைக் கட்டிக்கொண்டாள், என் கையிலிருந்த பூங்கொத்தை வாங்கிக்கொண்டாள். எனக்கு ஒன்றே ஒன்று தெரிந்தாக வேண்டியிருந்தது. அதற்காகத்தானே அவ்வளவு உழைத்தேன்.

"மேடையில இருந்து அப்பாவப் பாத்தியாம்மா?"

தொப்பியைச் சரிசெய்துகொண்டே அவள் சொன்னாள்:

"பாக்கலப்பா, கேட்டேன்."