அம்மாவுக்கு உள்ளே யாருமில்லை

என் சித்தப்பா தத்துவம் படித்தவர். எங்கள் குடும்பத்தில் கம்ப்யூட்டரைத் தொடாமலே அமெரிக்க விசா வாங்கிய ஒரே ஆள் என்பதால், அப்பாவுக்கு அவர்மேல் கொஞ்சம் பெருமையும் நிறைய இளக்காரமும் உண்டு. எனக்கு ஒன்பது வயதான கோடையில் அமெரிக்காவில், ஃபிரிஸ்கோ நகரத்தில் இருந்த எங்கள் வீட்டுக்கு வந்து தங்கினார். பொழுது போகாமல் என்னிடம் மனதைப் பற்றிக் கதை அளந்தார்.

ஒருவர் நம்மைப் போலவே நடப்பாராம், பேசுவாராம், சிரிப்பாராம். ஆனால் உள்ளே எதையும் உணரமாட்டாராம். இனிப்பும் கிடையாது, வலியும் கிடையாது. தத்துவக்காரர்கள் அவருக்கு வைத்த பெயர் ஸாம்பி.

"வெளியில இருந்து பாத்து யாராலயும் கண்டுபிடிக்க முடியாது" என்றார். நான் கண்டுபிடிப்பேன் என்றேன். ஐஸ்கிரீம் பந்தயம்.

ஆராய வீட்டில் அகப்பட்டது அம்மாதான். கோயம்புத்தூரில் கல்லூரியில் கெமிஸ்ட்ரி நடத்தியவள். அப்பாவின் விசாவில் வந்ததால், கிரீன் கார்டு விஷயம் ஒரு வழிக்கு வரும்வரை வேலைக்குப் போகக்கூடாது. ஒரு வாரம் அவள் பின்னாலேயே சுற்றினேன். என்னை நீச்சலுக்கும் டான்ஸுக்கும் காரில் கொண்டுபோய் விட்டாள். ஆன்ட்டிகள் போன் செய்தால் சரியான இடத்தில் சிரித்தாள். போனை வைத்த கணமே அந்தச் சிரிப்பு நின்றுபோனது.

சனிக்கிழமை எங்கள் வீட்டில் பாட்லக். நாலு குடும்பம், ஆளுக்கொரு அலுமினியத் தட்டில் சமைத்துக் கொண்டுவந்த சாப்பாடு. ஓவனுக்குள் சூடேறிக்கொண்டிருந்த ஒன்றை அம்மா வெறுங்கையால் எடுத்து, நிதானமாக மேசையில் வைத்தாள். "அம்மா, டஸ் இட் ஹர்ட்?" என்று நான் கேட்ட பிறகுதான் கையைப் பார்த்தாள்.

"ஆமா, சுட்டுடுச்சு" என்றாள், வேறு யாருக்கோ நடந்ததைச் சொல்வது போல.

இதற்குமேல் என்ன சாட்சி வேண்டும்? எல்லார் முன்னாலும் கத்தினேன்: "அம்மா இஸ் எ ஸாம்பி! தேர்ஸ் நோபடி இன்சைட்!"

சித்தப்பா விளக்கம் சொல்லச் சொல்ல வந்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அப்பாதான் அதிகம் சிரித்தார். "ஸாம்பியா இருந்தா என்ன, சாம்பார் நல்லா வைக்குதே!"

அந்தச் சிரிப்புக்காக அவரை நான் இன்னும் மன்னிக்கவில்லை. என்னையும்தான்.

அம்மா திட்டவில்லை. என்னைச் சமையலறைக்குள் கூட்டிப்போய், குனிந்து, மெதுவாகக் கேட்டாள்: "கண்ணு, உனக்கு எப்படித் தெரிஞ்சுது? வேற யாருக்கும் தெரியலையே."

யாராவது கவனிக்கமாட்டார்களா என்று மாதக்கணக்கில் காத்திருந்த ஒருத்தி கேட்கிற கேள்வி அது என்று எனக்கு அப்போது விளங்கவில்லை. அம்மாவே ஒத்துக்கொண்டாள், நான் ஜெயித்துவிட்டேன் என்று கூவிக்கொண்டு, ஐஸ்கிரீம் கேட்கச் சித்தப்பாவிடம் ஓடினேன்.